இவோன் ஏன் அழுகிறாள்?

1942ல் வந்த காசாபிளாங்கா என்ற ஹாலிவுட் படத்தில் பாட்டும் பாட்டும் மோதுகிற ஒரு காட்சி உண்டு. மொராக்கோவின் காசாபிளாங்கா ஊரில் கதாநாயகன் ரிக் நடத்தும் விடுதியில் ஜெர்மன் அதிகாரிகள் பியானோவைச் சுற்றி நின்றுகொண்டு தங்கள் நாட்டுப்பற்றுப் பாட்டைத் தொண்டை கிழியப் பாடுகிறார்கள். ஊரைவிட்டு ஓடிவந்து விசாவுக்காகக் காத்துக் கிடப்பவர்கள் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். லாஸ்லோ என்கிற எதிர்ப்பியக்கத் தலைவர் விறுவிறுவென்று வாத்தியக்காரர்களிடம் போய் பிரான்சின் தேசிய கீதமான லா மார்செய்யேஸ் வாசிக்கச் சொல்கிறார், அவர்கள் முதலாளி முகத்தைப் பார்க்கிறார்கள், ரிக் லேசாகத் தலையை ஆட்டுகிறார், அவ்வளவுதான், விடுதி மொத்தமும் எழுந்து நின்று பாட ஆரம்பித்துவிடுகிறது. ஜெர்மன்காரர்கள் கொஞ்ச நேரம் ஈடுகொடுத்துப் பார்த்துவிட்டு அடங்கிப்போகிறார்கள். நடுவில் ஒரு பெண்ணின் முகம் திரை நிறைய வருகிறது. சில நொடிகள்தான். கண்ணில் நீர் நிறைந்து நிற்கிறது, வாய் பாடுகிறது, பாட்டு முடிந்ததும் 'பிரான்ஸ் வாழ்க' என்று கத்துகிறாள்.

பாத்திரத்தின் பெயர் இவோன். நடித்தவர் மாட்லென் லெபோ.

இந்த ஷாட்டைப் பற்றிப் பேசும்போது பெரும்பாலும் சொல்லப்படுவது ஒன்றுதான். அது நடிப்பே இல்லை, அந்தப் பெண் நிஜமாகவே பிரான்சிலிருந்து தப்பி வந்த அகதி, நிஜக் கண்ணீர். நானும் ரொம்ப நாள் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன். திரும்பத் திரும்பப் பார்த்த பிறகு அது பாதி உண்மை என்றுதான் தோன்றுகிறது. மீதிப் பாதியில் ஒரு நடிகையின் வேலை இருக்கிறது, அதை யாரும் பேசுவதில்லை. 'நிஜ அகதி, அதனால் அழுதார்' என்று முடித்துவிட்டால் அவருக்குக் கொடுக்க வேண்டியதைக் கொடுக்காமல் விட்டுவிடுகிறோம். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இங்கே லெபோவை 'அவர்' என்றும் இவோனை 'அவள்' என்றும் எழுதப்போகிறேன். தமிழில் இந்த வசதி இருப்பது இந்த விஷயத்துக்கு ரொம்ப உதவுகிறது, ஏனென்றால் அந்த ஷாட்டைப் பார்க்கிறவர்கள் இரண்டு பேரையும் ஒருவராக்கிவிடுகிறார்கள்.

பாரிஸிலிருந்து வந்த வழி

லெபோ பிறந்தது 1923 ஜூன் 10, பாரிஸை ஒட்டிய அந்தோனி என்ற ஊரில். 1939ல் மார்செல் டாலியோவைக் கல்யாணம் செய்துகொண்டார். அப்போது இவருக்கு வயது 16 தான், டாலியோவுக்கோ கிட்டத்தட்ட நாற்பது. டாலியோ அன்றைய பிரெஞ்சு சினிமாவில் பெரிய நடிகர், யூதர். ஜெர்மன்காரர்கள் 'யூதன் என்றால் இப்படித்தான் இருப்பான்' என்று காட்டுவதற்குப் போஸ்டரில் போட்டது இவருடைய முகத்தைத்தான். சினிமாவில் சம்பாதித்த முகம், எல்லோருக்கும் தெரிந்த முகம், அதுவே ஆபத்தாகிப்போனது. ஒரு நடிகனுக்கு இதைவிடக் கொடுமை என்ன இருக்க முடியும் என்று தெரியவில்லை.

1940 ஜூன் 10, லெபோவுக்கு 17 வயது நிரம்பிய நாள், பிரெஞ்சு அரசாங்கமே பாரிஸைக் காலி செய்துவிட்டுப் போனது. 14ஆம் தேதி ஜெர்மன் ராணுவம் உள்ளே வந்துவிட்டது. அவர்கள் வருவதற்குச் சற்று முன்னால் இந்தத் தம்பதி கிளம்பி எப்படியோ லிஸ்பன் போய்ச் சேர்ந்தார்கள். அந்தக் கோடையில் பிரான்சை விட்டு வெளியேறுவதென்றால் ஒரு காகிதம் போதாது. பிரான்சிலிருந்து வெளியேற அனுமதி, ஸ்பெயினைக் கடக்க ஒன்று, போர்ச்சுகலுக்குள் நுழைய ஒன்று, இதற்கெல்லாம் முன்னால் கடைசியில் போய்ச் சேரும் நாட்டின் விசா கையில் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் நடுவில் இருப்பவன் எவனும் உள்ளே விடமாட்டான். ஒன்றின் தேதி முடிவதற்குள் அடுத்தது கிடைக்காவிட்டால் மறுபடியும் முதலிலிருந்து.

இரண்டு மாதம் அலைந்து சிலி நாட்டு விசா வாங்கினார்கள். ஆகஸ்ட் 9 அன்று லிஸ்பனிலிருந்து 317 பயணிகளோடு புறப்பட்ட குவான்சா என்ற போர்ச்சுகீசியக் கப்பலில் ஏறினார்கள். கப்பல் நியூயார்க் தொட்டு மெக்சிகோவின் வெராக்ரூஸ் துறைமுகத்துக்கு வந்தபோதுதான் தெரிந்தது, கையில் இருப்பது போலி விசா. காசு கொடுத்து வாங்கிய காகிதம் வெறும் காகிதம்தான். ஏஜென்சிக்காரனிடம் பணத்தைக் கட்டிவிட்டு நடுவழியில் மாட்டிக்கொண்ட ஈழத்து உறவினர்களின் கதையைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இதற்கு மேல் நான் விளக்க வேண்டியதில்லை.

அந்தக் கப்பலில் வெராக்ரூஸிலும் இறங்கவிடாமல் தடுக்கப்பட்டவர்கள் எண்பதுக்கும் மேல். ஐரோப்பாவுக்கே திருப்பிக் கொண்டுபோகப் போகிறார்கள் என்ற நிலையில், வழியில் நிலக்கரி ஏற்ற அமெரிக்காவின் நார்ஃபோக்கில் நின்றபோது ஜேக்கப் மோர்விட்ஸ் என்ற வக்கீல் கப்பல் கம்பெனி மேல் வழக்குப் போட்டுக் கப்பலை நகரவிடாமல் பிடித்துவைத்தார். அதற்குள் அதிபரின் மனைவி எலினார் ரூஸ்வெல்ட் வரை விஷயம் போய், கடைசியில் அவர்களை இறக்கிவிட்டார்கள். லெபோவும் டாலியோவும் வேறு வழியாக, கனடாவின் தற்காலிகப் பாஸ்போர்ட் வாங்கி, அமெரிக்காவுக்குள் வந்து சேர்ந்தார்கள்.

ஹாலிவுட்டில் அவருடைய முதல் படம் 1941ல் வந்த ஹோல்ட் பேக் த டான். கதை என்னவென்றால், அமெரிக்க விசாவுக்காக மெக்சிகோவின் எல்லை ஊரில் மாதக்கணக்கில் காத்துக் கிடக்கும் ஐரோப்பியர்கள். திரைக்கதை எழுதிய இருவரில் ஒருவரான பில்லி வைல்டர், 1934ல் தானே மெக்சிகாலியில் உட்கார்ந்து அமெரிக்க விசாவுக்காகக் காத்திருந்தவர். மெக்சிகோவில் மாட்டிக்கொண்டு, வெளியே வந்து, முதல் வேலையாக மெக்சிகோவில் மாட்டிக்கொண்டவர்கள் கதையில் ஒரு சின்ன வேடம். பின்னணி ஒருவரின் வேலையைத் தீர்மானிக்கிறது என்று பொத்தாம்பொதுவாகச் சொல்கிறோமே, அது நடைமுறையில் இப்படித்தான் நடக்கிறது. அவர் பேசிய ஆங்கிலத்தில் பிரெஞ்சு வாடை இருந்தது. அந்த வாடைக்கு ஹாலிவுட் என்ன வேடம் வைத்திருந்ததோ அதுதான் கிடைத்தது.

இவோன் என்ன செய்கிறாள்

1942 மே 25 முதல் ஆகஸ்ட் 3 வரை காசாபிளாங்கா படப்பிடிப்பு. அந்த ஜூனில்தான் லெபோவுக்கு 19 வயது ஆகிறது.

படத்தில் இவோனுக்குச் சில நிமிடங்கள்தான். மூன்று தடவை வருகிறாள். முதல் தடவை ரிக்கிடம் ஏமாந்த பெண்ணாக. நேற்று ராத்திரி எங்கே இருந்தாய், இன்றைக்கு வருவாயா என்று கேட்கிறாள், ரிக் இரண்டுக்கும் பதிலே இல்லாத பதில் சொல்கிறார். அப்புறம் இவளுக்கு இனி ஊற்றாதே என்று சொல்லி, பார்மேனைக் கூட அனுப்பி, காரில் ஏற்றி வீட்டுக்கு விரட்டிவிடுகிறார்.

இரண்டாவது தடவைதான் முக்கியம். ஒரு ஜெர்மன் அதிகாரியின் கையைப் பிடித்துக்கொண்டு விடுதிக்குள் வருகிறாள். ரிக் பார்க்கட்டும் என்றே வருகிறாள். பாரில் போய் நின்று ஃபிரெஞ்ச் 75 என்ற காக்டெயில் கேட்கிறார்கள், இவோன் மேஜை மேல் கையை வைத்து, இங்கேயிருந்து இங்கே வரைக்கும் ஒரு வரிசையே வை என்கிறாள். கூட வந்த அதிகாரி, முதலில் இரண்டு போதும் என்கிறான். அந்தப் பானத்தின் பெயர் பிரெஞ்சு ராணுவத்தின் 75 மில்லிமீட்டர் பீரங்கியிலிருந்து வந்தது, முதல் உலகப்போரில் ஜெர்மன்காரர்களை நோக்கி வெடித்த பீரங்கி. ஒரு ஜெர்மன் அதிகாரியின் காசில் ஒரு பிரெஞ்சுப் பெண் அதை வரிசையாக அடுக்கச் சொல்கிறாள். பக்கத்தில் நிற்கும் பிரெஞ்சு அதிகாரி ஒருவனுக்குப் பொறுக்கவில்லை, அவளைப் பார்த்து பிரெஞ்சில் ஏதோ சொல்லிவிடுகிறான், அவள் திருப்பிக் கொடுக்கிறாள், கைகலப்பாகிவிடுகிறது. ரிக் வந்து விலக்கிவிட வேண்டியிருக்கிறது.

மூன்றாவது தடவை அந்தப் பாட்டு.

இதை வரிசையாக வைத்துப் பார்த்தால் தெரியும். அங்கே அழுபவள் நாட்டை இழந்தவள் மட்டும் இல்லை. கொஞ்ச நேரத்துக்கு முன்னால் எதிரியின் கையைப் பிடித்துக்கொண்டு உள்ளே வந்தவள். தன் சொந்த ஊர்க்காரன் வாயால் எல்லோர் முன்னாலும் அசிங்கப்பட்டவள். அந்தப் பாட்டை அவளோடு சேர்ந்து பாடுகிறவர்கள் எல்லாரும் அதைப் பார்த்தவர்கள். அந்தக் கண்ணீரில் வெட்கம் இருக்கிறது, வீம்பு உடைந்துபோனது இருக்கிறது, என்னையும் சேர்த்துக்கொள்ளுங்கள் என்ற கெஞ்சல் இருக்கிறது.

இப்போது லெபோவை யோசித்துப் பாருங்கள். அவர் எந்த ஜெர்மன் அதிகாரியோடும் போகவில்லை. யூதக் கணவரோடு தப்பி ஓடிவந்தவர். அவருடைய துயரம் இவோனின் துயரம் இல்லை, இரண்டும் கிட்டத்தட்ட எதிரெதிர்த் திசையில் போகிறவை. இவர் ஓடினார், அவள் இருந்து சமரசம் செய்துகொண்டாள். ஓடியவர் இருந்தவளை நடிக்க வேண்டும், அதுவும் கோபத்தோடு இல்லாமல், அவளுக்குள் இறங்கி நடிக்க வேண்டும். தன் சொந்த வலியைக் கொட்டிவிட்டுப் போவது சுலபம், அந்த வலியை எடுத்து, தான் ஒருபோதும் செய்யாத ஒரு தவறைச் செய்தவளுக்குக் கொடுப்பது சுலபமே இல்லை. 19 வயதில் அதைச் செய்திருக்கிறார். என்னைக் கேட்டால் அந்த ஷாட்டின் கனம் இங்கேதான் இருக்கிறது. நிஜக் கண்ணீர் என்று மட்டும் சொன்னால் இது முழுக்க மறைந்துபோகிறது.

காலத்தையும் மறந்துவிடக்கூடாது. இன்றைக்கு நமக்கு முடிவு தெரியும், ஹிட்லர் தோற்றான், பாரிஸ் விடுதலையானது. 1942 கோடையில் அந்த செட்டில் நின்ற யாருக்கும் அது தெரியாது. ஐரோப்பாவின் பெரும்பகுதி ஜெர்மனியின் பிடியில் இருந்தது, பிரான்சில் ஜெர்மன் பிடியில் இருந்த பகுதியில் அவர்கள் பாடிக்கொண்டிருந்த பாட்டுக்கே தடை. படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்த அதே ஜூலையில், 16, 17 தேதிகளில், பாரிஸில் 13,000க்கும் மேற்பட்ட யூதர்களைப் பிடித்து அடைத்தார்கள், பெண்களும் குழந்தைகளும் உட்பட. பிடித்தது பிரெஞ்சு போலீஸ். பிரான்ஸ் வாழ்க என்று கத்துகிற ஒரு குரலுக்கு அந்த மாதத்தில் என்ன அர்த்தம் என்று யோசித்தால் எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

அதே அறையில் இருந்தவர்கள்

கர்ட்டிஸ் இயக்கிய இந்தப் படத்தில் பெயர் போடப்பட்ட நடிகர்கள் 14 பேர். அமெரிக்காவில் பிறந்தவர்கள் அதில் மூன்றே பேர்: ரிக்காக வரும் போகார்ட், பியானோ வாசிக்கும் சாமாக வரும் டூலி வில்சன், பல்கேரியப் பெண்ணாக வரும் ஜாய் பேஜ். உடனே மீதி 11 பேரும் அகதிகள் என்று எழுதிவிடுகிறார்கள், அது தவறு. கதாநாயகி பெர்க்மன் ஸ்வீடனிலிருந்து அழைத்து வரப்பட்ட நட்சத்திரம், கிளாட் ரெய்ன்ஸும் கிரீன்ஸ்ட்ரீட்டும் இங்கிலாந்துக்காரர்கள். நிஜமான அகதிகள் பெயர் போடாத சின்ன வேடங்களில்தான் அதிகம் இருந்தார்கள். பாட்டுக் காட்சி எடுத்தபோது சுற்றியிருந்தவர்களில் பாதிப்பேர் அழுதுகொண்டிருந்ததைப் பார்த்த பிறகுதான் இவர்கள் எல்லாம் நிஜ அகதிகள் என்று தனக்கு உறைத்ததாக, வாயிற்காவலராக நடித்த டான் சீமோர் பின்னாளில் சொல்லியிருக்கிறார். சீமோர் அமெரிக்கர்.

இன்னொன்று பலர் கவனிப்பதில்லை. இவோன் கையைப் பிடித்துக்கொண்டு வருகிற ஜெர்மன் அதிகாரியாக நடித்த ஹான்ஸ் ட்வார்டோவ்ஸ்கி, நாஜிகளால் ஜெர்மனியை விட்டு வந்தவர். ஜெர்மன்காரர்களுக்குத் தலைமை தாங்கும் மேஜர் ஸ்ட்ராஸராக வரும் கான்ராட் ஃபைட், யூத மனைவியோடு 1933ல் நாட்டை விட்டுக் கிளம்பியவர். யாரிடமிருந்து ஓடிவந்தார்களோ அவர்களுடைய சீருடையைப் போட்டுக்கொண்டு நிற்க வேண்டியிருந்தது, ஏனென்றால் அந்த உச்சரிப்புக்கு அப்போது ஹாலிவுட்டில் இருந்த வேலை பெரும்பாலும் அதுதான். ஒரு பக்கம் அகதிகள் ஜெர்மன் பாட்டுப் பாட, மறுபக்கம் அகதிகள் பிரெஞ்சுப் பாட்டுப் பாடுகிறார்கள். அந்த அறை அப்படிப்பட்ட அறை.

நடிகைகளில் இன்னும் இரண்டு பேரைச் சொல்லாமல் இருக்க முடியாது.

இல்கா க்ரூனிங். வியன்னாவில் 1876ல் பிறந்தவர், பெர்லினில் புகழ்பெற்ற நடிப்புப் பள்ளி நடத்தியவர், லில்லி பால்மர் போன்றவர்கள் அவரிடம் படித்தவர்கள். நாஜிகள் வந்த பிறகு அறுபது வயதைத் தாண்டிய நிலையில் நாட்டை விட்டு வந்தார். காசாபிளாங்காவில் அவருக்குக் கிடைத்தது, அமெரிக்கா போகப்போகும் சந்தோஷத்தில் கணவரோடு ஆங்கிலம் பேசிப் பழகும் ஒரு வயதான அம்மா. மணி என்ன என்று கேட்பதற்கு ஜெர்மன் வாக்கியத்தை அப்படியே ஆங்கில வார்த்தையில் போட்டுக் கேட்கிறார் கணவர், இந்த அம்மாவும் அதே தினுசில் பதில் சொல்கிறார். தியேட்டரே சிரிக்கும். எனக்கும் சிரிப்பு வரும். ஆனால் பெர்லினில் எத்தனையோ பேருக்கு ஒரு வார்த்தையை மேடையில் எப்படிச் சொல்வது என்று கற்றுக்கொடுத்த வாய் அது. நடிகனுக்கு மொழிதான் தொழில்கருவி. தச்சன் நாடு மாறினாலும் உளி உளிதான், நடிகை நாடு மாறினால் கையில் இருந்ததெல்லாம் எல்லையிலேயே பறிபோய்விடுகிறது. அதைப் பறிகொடுத்தவர், பறிகொடுத்ததையே நகைச்சுவையாக ஒரு நிமிடம் நடிக்கிறார், அதுவும் அவ்வளவு அழகாக, கணவரைப் பெருமையோடு பார்த்துக்கொண்டே.

அடுத்தவர் லோட்டே பால்ஃபி, ஜெர்மனியின் போஹும் என்ற ஊரில் பிறந்தவர், யூதர், 1934ல் வெளியேறியவர். படத்தின் ஆரம்பத்தில் விடுதிக்குள் கேமரா மேஜை மேஜையாகப் போகும்போது, ஒரு பெண் தன் வைரங்களை விற்றுக்கொண்டிருப்பாள். வாங்குகிறவன் சந்தையில் வைரம் குவிந்துகிடக்கிறது என்று சொல்லி அடிமாட்டு விலை கேட்கிறான். இன்னும் கொஞ்சம் போட்டுத் தரக்கூடாதா என்று ஒரே ஒரு வாக்கியம் கேட்கிறாள். முடிந்தது அவர் வேடம். அதே படத்தின் தொடக்கத்தில் காலாவதியான காகிதத்தோடு ஓடி, சுடப்பட்டு விழுகிறவராக வந்த உல்ஃப்காங் ஜில்ஸரை மறுவருஷம் அவர் கல்யாணம் செய்துகொண்டார்.

பால்ஃபியை மறுபடியும் 1976ல் மாரத்தான் மேன் படத்தில் பார்க்கலாம். நியூயார்க்கின் 47ஆம் தெரு, வைரக் கடைகள் இருக்கும் தெரு. ஒளிந்து வாழும் ஒரு நாஜி மருத்துவன் வைரத்துக்கு விலை விசாரித்துக்கொண்டு அந்தத் தெருவில் நடக்கிறான், முகாமிலிருந்து உயிர் தப்பிய ஒரு கிழவி எதிர்ச்சாரியில் நின்று அவனை அடையாளம் கண்டுவிடுகிறாள். பேரைச் சொல்லிக் கத்துகிறாள், அவனைப் பிடியுங்கள் என்று கத்துகிறாள், யாருக்கும் விளங்கவில்லை, தானே தெருவில் இறங்குகிறாள். அந்தக் கிழவி லோட்டே பால்ஃபி. 34 வருஷம் முன்னால் வைரத்தை விற்றுக்கொண்டிருந்த அதே நடிகை. இரண்டு படத்துக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. ஆனால் அவர் வாழ்க்கையில் அந்த இரண்டு வேடமும் ஒரே நூலில் கிடக்கின்றன. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்த ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை.

சம்பளமும் மற்ற கணக்கும்

சரி, லெபோவுக்குத் திரும்பி வருகிறேன்.

அவருக்கு வார்னர் பிரதர்ஸ் போட்ட ஒப்பந்தம் 26 வாரத்துக்கு, வாரம் 100 டாலர். இதே படத்தில் கான்ராட் ஃபைட்டுக்கு வாரம் 5,000 டாலர். நட்சத்திரத்துக்கும் புதுமுகத்துக்கும் உள்ள வித்தியாசம் எங்கும் உண்டுதான், அதை நான் பெரிதாக்கவில்லை. அப்புறம் நடந்ததுதான் எனக்கு ஆறவில்லை. படம் வெளிவருவதற்குச் சற்று முன்பே ஒப்பந்தத்தை முடித்துவிட்டார்கள். நவம்பர் 8ஆம் தேதி நேசநாட்டுப் படைகள் நிஜமான காசாபிளாங்காவுக்குப் பக்கத்தில் கரையிறங்கின, ஊர்ப்பெயர் எல்லாப் பத்திரிகையிலும் தலைப்புச் செய்தி, அந்தச் சூடு ஆறுவதற்குள் 26ஆம் தேதி நியூயார்க்கில் படத்தைத் திரையிட்டார்கள். நாட்டுப்பற்றுக்கு அவர் முகம் தேவைப்பட்ட நேரத்தில் அந்த முகத்துக்குச் சொந்தக்காரருக்கு அந்த ஸ்டூடியோவில் வேலை இல்லை.

வீட்டுக் கணக்கு இன்னும் மோசம். ஜூன் 22 அன்று, இவர் செட்டில் ஜெர்மன் அதிகாரியோடு வரும் காட்சிகளில் நடித்துக்கொண்டிருந்த சமயம், டாலியோ லாஸ் ஏஞ்சல்ஸ் நீதிமன்றத்தில் விவாகரத்துக்கு மனுப் போட்டார். மனைவி தன்னை விட்டுப் போய்விட்டார் என்பது அவர் சொன்ன காரணம். யார் பக்கம் நியாயம் என்று நான் பேசப்போவதில்லை. பதினாறு வயதில் கல்யாணம், பதினேழில் ஓட்டம், கப்பலில் போலி விசா, புது மொழி, பத்தொன்பதில் இது. இவ்வளவும் மூன்று வருஷத்துக்குள்.

டாலியோவும் அந்தப் படத்தில் இருக்கிறார் என்பது பலருக்குத் தெரியாது, பெயர்கூடப் போடவில்லை. பாட்டு முடிந்து இவோன் கத்தியதும் ஸ்ட்ராஸர் கோபத்தில் விடுதியை மூடச் சொல்கிறார். போலீஸ் அதிகாரி ரெனோ, இங்கே சூதாட்டம் நடக்கிறது, எனக்கு அதிர்ச்சியாக இருக்கிறது என்று காரணம் கண்டுபிடிக்கிறார். அந்த நேரம் பார்த்து சூதாட்ட மேஜைக்காரர் ஒருவர் வந்து, ஐயா, நீங்கள் ஜெயித்த பணம் என்று அவர் கையில் நோட்டுக் கொடுக்கிறார். உலகமே சிரித்த வசனம். அந்த மேஜைக்காரர்தான் டாலியோ. பாரிஸில் முதல் வரிசை நடிகர், போஸ்டரில் போடுமளவுக்குத் தெரிந்த முகம், இங்கே ஒரு கைப்பிடி நோட்டோடு வந்து போகிறார். அவருடைய மனைவியின் முகம் திரையை விட்டுப் போய் ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது. இருவரும் ஒரே ஷாட்டில் இல்லை.

அடுத்த முறை பார்க்கும்போது பாட்டோடு நிறுத்திவிடாமல் இதையும் சேர்த்துப் பாருங்கள்.

அதற்குப் பிறகு

லெபோ ஹாலிவுட்டில் இன்னும் சில படங்களில் நடித்துவிட்டு, போர் முடிந்ததும் பிரான்சுக்குத் திரும்பிப் போய்விட்டார். அங்கேயும் இங்கிலாந்திலும் நடித்தார். பெரிய நட்சத்திரமாக ஆகவில்லை. 2008ல் ஜாய் பேஜ் இறந்த பிறகு, காசாபிளாங்காவில் பெயர் போடப்பட்ட நடிகர்களில் உயிரோடு இருந்தவர் இவர் ஒருவர்தான். 2016 மே 1 அன்று ஸ்பெயினின் எஸ்தெபோனாவில், 92 வயதில் காலமானார். பிரான்சின் கலாச்சார அமைச்சர் விடுத்த இரங்கலில், பிரெஞ்சு எதிர்ப்பின் முகமாக அவர் என்றைக்கும் இருப்பார் என்றார்.

மரியாதையான வார்த்தைதான், எனக்கு மகிழ்ச்சிதான். ஆனால் அது இவோனை அழித்துவிட்டு லெபோவை மட்டும் வைத்துக்கொள்கிற வார்த்தை. எதிர்ப்பின் முகம் என்று நாடே வைத்துக்கொண்ட அந்த முகம், பாட்டுத் தொடங்குவதற்கு முன் வரை எதிரியோடு உட்கார்ந்து குடித்துக்கொண்டிருந்தது. 1942ல் பிரான்ஸ் இருந்த நிலைக்கு அதுதான் நேர்மையான முகம். போராடியவர்கள் கொஞ்சம், அனுசரித்துப் போனவர்கள் நிறைய, இரண்டுக்கும் நடுவில் கிடந்து தவித்தவர்கள் அதைவிட நிறைய. அந்த நடுவில் கிடந்தவர்களைத்தான் லெபோ நடித்தார். வெளியே வந்துவிட்ட ஒருவர், உள்ளே இருந்துவிட்டவர்கள் மேல் அவ்வளவு இரக்கத்தோடு நடித்தார்.

போருக்குப் பின்னால் அவர் செய்த வேடங்களில் நான் அடிக்கடி போய்ப் பார்ப்பது 1963ல் இத்தாலிய இயக்குநர் ஃபெலினி எடுத்த 'எட்டரை' என்ற படம். அதில் அவர் ஒரு பிரெஞ்சு நடிகை, பாத்திரத்தின் பெயரும் மாட்லென்தான். வேறு நாட்டுக்குப் படத்தில் நடிக்க வந்திருக்கிறார், என்ன வேடம் என்று இன்னும் யாரும் அவரிடம் சொல்லவில்லை. இயக்குநரைப் பார்க்கும்போதெல்லாம் பிடித்து நிறுத்தி, என் பாத்திரம் எப்படிப்பட்டவள், ஏதாவது சொல்லுங்கள் என்று கேட்கிறார். அவர் சிரித்துக்கொண்டே நழுவிவிடுகிறார். இவர் மறுபடியும் காத்திருக்கிறார்.